பத்தாண்டு வாழ்ந்த ஒரு மாவட்டம்

கொட்டாஞ்சேனைக்குப் போகும் வழியில், வுல்பெண்டால் மேட்டில் நிற்கும் ஒல்லாந்தர் தேவாலயத்தின் தரையில் கல்லறைக் கற்கள் பதிந்து கிடக்கின்றன. 1749இல் கட்டத் தொடங்கி 1757இல் திறந்த தேவாலயம் அது. கோட்டைக்குள் முன்பு இருந்த தேவாலயத்தில் புதைக்கப்பட்டிருந்த ஆளுநர்களின் எச்சங்களையும் 1813இல் இங்கே கொண்டுவந்து சேர்த்தார்கள். கனத்த கல்லில் குடும்பச் சின்னம், அதைச் சுற்றி இலைக்கொடி, கீழே பெயர், பதவி, இறந்த நாள். ஒரு வணிகக் கம்பனி நாட்டை ஆண்ட காலம் அது. கணக்கெழுதியவரும் படை நடத்தியவரும் ஆளுநரும் ஒரே கம்பனியின் சம்பளக்காரர்கள். அந்தக் கம்பனி இந்தத் தீவில் பிந்தி உண்டாக்கிய பதவிகளில் ஒன்றுதான் வன்னியின் லாண்ட்ரோஸ்ட், அதாவது மாவட்ட அதிகாரி.

1782இல் ஒல்லாந்தருக்கும் வன்னியர்களுக்கும் போர் மூண்டது. அடுத்த இரண்டொரு ஆண்டுகளில் வன்னித் தலைவர்களின் நிலங்கள் கம்பனியின் நேரடி ஆட்சிக்குள் வந்தன. ஒல்லாந்தர் இத்தீவில் கண்ட எதிர்ப்புகளிலே வன்னியர்களின் எதிர்ப்பு மிகக் கடுமையானது என்று பின்னாளில் ஆங்கிலேயர் எழுதிவைத்தார்கள். போர் முடிந்ததும் வன்னி முழுவதையும் ஒரே நிர்வாகப் பிரிவாக்கி, முல்லைத்தீவைத் தலைமையிடமாக்கி, தோமஸ் நாகல் என்ற லெப்டினன்டை அதற்கு அதிகாரியாக்கினார்கள். வரி, வழக்கு, காவல் எல்லாம் அந்த ஒருவர் கையில். 1795 செப்டெம்பர் 28இல் யாழ்ப்பாணக் கோட்டை ஆங்கிலேயரிடம் சரணடைந்தது. ஒக்டோபர் 1இல் முல்லைத்தீவு. அத்தோடு ஒல்லாந்தரின் வன்னி மாவட்டம் முடிந்தது. ஏறத்தாழப் பத்தாண்டு வாழ்வு.

நம்முடைய வரலாற்று நூல்களில் இந்தப் பத்தாண்டுக்குப் பெரும்பாலும் ஒரு வரிதான் கிடைக்கிறது. வன்னி வரலாறு என்றால் குளக்கோட்டன் கதை, வன்னியர் குடியேற்றம், பிறகு ஒரே பாய்ச்சலில் பண்டாரவன்னியன். நடுவில் ஒரு கச்சேரி திறந்து மூடியதை யாரும் பொருட்படுத்துவதில்லை. வன்னிக்கு நேர்ந்தவற்றுள் பாதியேனும் அந்தப் பத்தாண்டில்தான் தொடங்கியது என்று நான் நினைக்கிறேன்.

அதற்கு முன்னால் அங்கே என்ன இருந்தது? பனங்காமம், முள்ளியவளை, கருநாவற்பற்று, கரிக்கட்டுமூலை, மேல்பற்று, தென்னமரவடி, புதுக்குடியிருப்பு. இவை ஒவ்வொன்றும் ஒரு வன்னிமை அல்லது வன்னிமையின் பற்று. ஒவ்வொன்றுக்கும் தலைவன், சில வேளை தலைவி. யாழ்ப்பாண அரசு பலமாக இருந்தபோது யாழ்ப்பாணத்துக்குத் திறை, அது தளர்ந்தபோது திறை இல்லை. 1619இல் போர்த்துக்கேயர் யாழ்ப்பாணத்தைப் பிடித்த பிறகும், 1658இல் ஒல்லாந்தர் அதை அவர்களிடமிருந்து பறித்த பிறகும் வன்னியர்கள் இதே போக்கைக் கடைப்பிடித்தார்கள். கொடுக்க வேண்டிய யானைகளில் சிலவற்றைக் கொடுப்பார்கள், மீதியைப் பாக்கி வைப்பார்கள். பாக்கி சேர்ந்துகொண்டே போகும். கம்பனி கடிதம் எழுதும், மிரட்டும், விட்டுவிடும். பேராசிரியர் சி. பத்மநாதன் 1970இல் வெளியிட்ட ‘வன்னியர்’ என்ற நூலைப் படித்தவர்களுக்கு இந்தத் தலைவர்களின் நீண்ட பின்னணி தெரிந்திருக்கும்.

திறை யானையாக இருந்தது தற்செயல் அல்ல. வன்னிக் காட்டில் பிடித்த யானைகளைப் பழக்கி, யாழ்ப்பாணத்துக்கு நடத்திக்கொண்டு போய், ஊர்காவற்றுறையில் கப்பலேற்றி இந்தியக் கரைக்கு விற்பது முதலில் போர்த்துக்கேயருக்கும் பிறகு ஒல்லாந்தருக்கும் நல்ல வருமானம். கோல்கொண்டாவிலிருந்துகூட வாங்க ஆள் வந்தது. யானை பிடித்தவர்கள் பணிக்கர்கள். முல்லைத்தீவுப் பக்கத்தில் வேலப்பணிக்கனின் மனைவி அரியாத்தையின் கதை இன்னும் வாய்வழியாக இருக்கிறது. ஆண்களால் பிடிக்க முடியாத யானையை அவள் பிடித்துக் கட்டினாள், பொறாமை கொண்டவர்கள் அவளுக்கு நஞ்சூட்டிக் கொன்றார்கள் என்பது கதை. அது ஒப்பாரியாகப் பாடப்பட்டது, கூத்தாக ஆடப்பட்டது. வன்னிமைக் காலத்தைப் பொற்காலமாகப் பேசுகிறவர்கள் இந்த ஒப்பாரியைக் கேட்க வேண்டும். தலைவன் கொடுத்த திறைக்குப் பின்னால் யார் உடல், யார் உயிர் இருந்தது என்பதை ஊர் மறக்கவில்லை. சாதியும் அடிமைத்தொழிலும் வன்னிமையில் இருந்தன. நான் வன்னிமையைப் போற்ற வரவில்லை. ஆனால் அந்த அமைப்பில் ஆள்பவன் ஊருக்குள் இருந்தான். குளக்கட்டு உடைந்தால் அவன் வயலும் காயும். இதைக் குறைத்து மதிப்பிடக் கூடாது.

ஒல்லாந்தர் நூற்றிருபது ஆண்டு பாக்கியைப் பொறுத்துக்கொண்டவர்கள் 1782இல் ஏன் பொறுமையிழந்தார்கள்? 1766இல் கண்டி மன்னனோடு செய்த உடன்படிக்கையில் தீவின் கரை முழுவதும் கம்பனிக்கு வந்துவிட்டது. கரை வந்தால் அதை ஒட்டிய நிலத்தையும் கட்டிக்காக்க வேண்டும். 1782 சனவரியில் ஆங்கிலேயர் திருகோணமலையைப் பிடித்தார்கள். அதே ஆண்டு ஓகஸ்டில் பிரெஞ்சுத் தளபதி சுஃப்ரன் அதை அவர்களிடமிருந்து எடுத்தார். திருகோணமலைக்கும் யாழ்ப்பாணத்துக்கும் நடுவில் கிடக்கும் நீண்ட கரை, யாருக்கு விசுவாசமென்று சொல்ல முடியாத தலைவர்களிடம் இருப்பது கம்பனிக்கு அச்சம் தந்திருக்கும். இன்னொரு காரணம் சோறு. ஒல்லாந்தரின் இலங்கை எப்போதும் வெளியிலிருந்து வந்த அரிசியில்தான் உயிர்வாழ்ந்தது. சோழமண்டலக் கரையில் போர் என்றால் கொழும்பில் அரிசி இல்லை. 1785இல் ஆளுநராக வந்த வில்லெம் யாகோப் வன் டி கிராவ் உள்நாட்டு நெல்விளைச்சலைப் பெருக்குவதில் பெரும் ஆவல் கொண்டவர். வன்னியில் நூற்றுக்கணக்கான குளங்கள். இனி யானை போதாது, நெல் வேண்டும். யானைக்குத் தலைவனோடு பேசினால் போதும். நெல்லுக்கு ஒவ்வொரு வயலையும் அளக்க வேண்டும், ஒவ்வொரு குடும்பத்தையும் எண்ண வேண்டும். அளந்து எண்ணுகிற வேலைக்காகவே ஒரு மாவட்டம் தேவைப்பட்டது.

நாகல் சோம்பேறி அதிகாரி அல்ல. 1793இல் அவர் வன்னியைப் பற்றி எழுதிய அறிக்கை பின்னர் ஆங்கிலத்துக்கும் வந்திருக்கிறது. கம்பனி அதிகாரிகளின் எழுத்தில் வழக்கமாகக் காணும் அலட்சியம் அதில் இல்லை. தான் ஆளும் நிலத்தை அறிய வேண்டும் என்ற உண்மையான ஆர்வம் இருந்த மனிதர். அதனால்தான் அந்த அறிக்கை எனக்கு அமைதி தருவதில்லை. நல்ல அதிகாரி ஒருவர் கையிலும் அந்த அமைப்பு என்ன செய்தது என்பதைத்தான் அதில் பார்க்கிறோம். அறிக்கை மேலே போகிறது, முல்லைத்தீவிலிருந்து யாழ்ப்பாணம், யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்பு, கொழும்பிலிருந்து பத்தாவியா, அங்கிருந்து ஒல்லாந்து. கீழே திரும்பி வருவது கட்டளை மட்டும். வன்னியில் வாழ்ந்தவர்கள் அந்தப் பாதையில் எந்த இடத்திலும் வாய் திறப்பதில்லை.

லாண்ட்ரோஸ்ட் பதவியைக் கம்பனி வன்னிக்கென்று புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை. ஆபிரிக்காவின் நன்னம்பிக்கை முனையில் ஸ்டெல்லன்பொஸ், ஸ்வெல்லண்டாம் என்ற இடங்களில் அதே பதவி முன்னமே இருந்தது. வன்னியில் நாகல் ஆண்ட அதே காலத்தில், 1786இல், முனையின் கிழக்கெல்லையில் கிராவ்–ரெனெற் என்ற புதிய மாவட்டத்தையும் உண்டாக்கினார்கள். மேய்ச்சல் நிலத்துக்கும் மாட்டுக்கும் கோசா மக்களோடும் கொய்சான் மக்களோடும் குடியேறிகள் மோதிக்கொண்டிருந்த எல்லை அது. 1795 பெப்ரவரியில் அந்தக் குடியேறிகளே தங்கள் லாண்ட்ரோஸ்டைத் துரத்திவிட்டுத் தனிக் குடியரசு அறிவித்தார்கள். அதே ஆண்டு செப்டெம்பரில் முனையை ஆங்கிலேயர் பிடித்தார்கள். ஒரே மாதத்தில் ஆபிரிக்காவின் தெற்கு முனையிலும் யாழ்ப்பாணத்திலும் ஒரே கொடி இறங்கியது. கிராவ்–ரெனெற் இன்றும் தென்னாபிரிக்காவில் ஒரு நகரம். அங்கே லாண்ட்ரோஸ்டைத் துரத்திய வெள்ளைக் குடியேறிகளின் வரலாறு விரிவாக எழுதப்பட்டிருக்கிறது. அவர்களிடம் எழுத்தும் இருந்தது, அச்சும் இருந்தது, பிறகு அரசும் வந்தது. வன்னிப் பணிக்கனுக்கும் கமக்காரனுக்கும் ஒப்பாரிதான் கிடைத்தது.

இன்னொரு திருப்பத்தையும் சொல்ல வேண்டும். வன்னியை மாவட்டமாக்கிய அந்த ஒல்லாந்து, சில ஆண்டுகளில் தானே மாவட்டமாக்கப்பட்டது. 1810 யூலையில் நெப்போலியன் அதைப் பிரான்சோடு இணைத்தான். அம்ஸ்டர்டாம் நகரம் ஸுய்டர்ஸே என்ற பிரெஞ்சு மாவட்டத்தின் தலைமையிடமாயிற்று. பாரிசிலிருந்து உத்தரவு வரும் அதிகாரி அங்கே அமர்ந்தார். குடும்பப்பெயர் இல்லாதவர்கள் பெயர் ஒன்றைப் பதிய வேண்டும் என்று 1811இல் ஆணை வந்தது. இளைஞர்களின் பட்டியல் எடுத்துப் படைக்குக் கொண்டு போனார்கள். 1813 முடிவில் பிரெஞ்சு ஆட்சி சரிந்தது, அந்த மாவட்டங்களும் போயின. அம்ஸ்டர்டாம் மக்கள் மீண்டும் தங்கள் நாட்டின் மக்கள் ஆனார்கள். பிரெஞ்சுக்காரர் தொடங்கிய பிறப்பு, இறப்புப் பதிவேட்டை மட்டும் பயனுள்ளதென்று வைத்துக்கொண்டார்கள். வைத்துக்கொள்வதா விடுவதா என்று தீர்மானிக்க அவர்களுக்கு ஒரு நாடு இருந்தது.

வன்னியில் கச்சேரிக்காரர் போனார், அவர் அழித்த அமைப்பு திரும்பவில்லை. ஆங்கிலேயர் வந்தபோது தலைவர்களைத் தேடிப் பழைய உரிமையைத் திருப்பிக் கொடுக்க வரவில்லை. ஒல்லாந்தர் ஏற்கனவே இணைத்துவிட்ட நிலமாக வன்னி அவர்கள் கைக்கு வந்தது. கரையோரம் முழுவதையும் முதலில் மதராஸ் அரசு ஆண்டது. அங்கிருந்து வரி தண்ட வந்த அமில்தார்களின் கெடுபிடியும் தென்னை மரத்துக்கு வரியும் சேர்ந்து 1797இல் பல இடங்களில் கிளர்ச்சி. 1802இல் இலங்கை முடியாட்சிக் காலனியாயிற்று. 1803இல் கண்டியோடு போர் மூண்டு ஆங்கிலேயர் கண்டியில் பெருந்தோல்வி கண்டபோது, கண்டியின் துணையோடு பண்டாரவன்னியன் முல்லைத்தீவைத் தாக்கினான். ஓகஸ்ட் 25இல் முல்லைத்தீவுக் கோட்டை வீழ்ந்தது. அங்கிருந்த படை படகேறி யாழ்ப்பாணம் போனது. அவன் ஆட்கள் ஆனையிறவு வரை வந்தார்கள். ஒக்டோபர் 31இல் கற்சிலைமடுவில் கப்டன் வொன் டிறிபேர்க் அவனைத் திடீரெனத் தாக்கித் தோற்கடித்தான். அந்த இடத்தில் ஆங்கிலேயர் ஒரு கல் நட்டார்கள். வெற்றி பெற்றவனின் பெயரும் தோற்றவனின் பெயரும் தேதியும் அதில் இருந்தன. முல்லைமணி அவன் கதையை நாடகமாக்கினார், கலைஞர் கருணாநிதி நாவலாக்கினார். இன்று ஓகஸ்ட் 25இல் முல்லைத்தீவில் விழா எடுக்கிறார்கள்.

பண்டாரவன்னியனை நாம் வெள்ளையனை எதிர்த்த வீரனாக மட்டும் பார்த்துப் பழகிவிட்டோம். அவன் தாக்கிய இடம் ஒரு கச்சேரி என்பதை மறந்துவிடுகிறோம். முன்பு வன்னியர்கள் திறையைப் பாக்கி வைத்துக் காலம் கடத்த முடிந்தது. நாகலின் மாவட்டத்துக்குப் பிறகு அந்த வழி அடைபட்டது. பாக்கி வைக்க இடமே இல்லாதபோது மிஞ்சியது போர்.

குளங்களைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் வன்னியின் வாழ்வு அங்கேதான். மழை வன்னிக்கு வருவது பெரும்பாலும் ஒக்டோபர் முதல் சனவரி வரை. அந்த நீரைத் தேக்கித்தான் காலபோகமும், மிஞ்சினால் சிறுபோகமும். புரட்டாசிக்குள் குளக்கட்டில் முளைத்த செடியை வெட்ட வேண்டும், எலிவளையையும் கறையான் துளையையும் அடைக்க வேண்டும், மாடு இறங்கித் தேய்ந்த இடத்துக்கு மண் போட வேண்டும், துருசைத் துப்புரவாக்க வேண்டும். இதில் ஒன்றும் தனியொருவன் வேலையல்ல. வயலின் அளவுக்கேற்ப ஒவ்வொரு வீட்டுக்கும் பங்கு உண்டு. வராதவனைக் கேட்க ஓர் ஆள் வேண்டும், அந்த ஆளின் சொல் ஊரில் செல்ல வேண்டும். ஒரு வருடம் இது நடக்காவிட்டால் கார்த்திகை மழையில் கட்டு ஓரிடத்தில் கசியும். அடுத்த வருடம் உடையும். உடைந்த குளத்தின் கீழே இருந்த ஊர் வேறு குளத்தைத் தேடிப் போகும். வயலில் முதலில் நாணல், பிறகு முட்புதர், இருபது வருடத்தில் காடு.

சொல் செல்லக்கூடிய ஆளை எடுத்துவிட்டு, தொலைவில் ஓர் அலுவலகத்தை வைத்தால் குளங்களுக்கு என்ன நடக்கும் என்பதை ஆங்கிலேயரே பிறகு ஒப்புக்கொண்டார்கள். 1832இல் இராசகாரியத்தை ஒழித்தார்கள். கட்டாய வேலையை ஒழித்தது நல்ல காரியம், அதை மறுக்க முடியாது. ஆனால் குளக்கட்டுக்காக ஊர் கூடுவதும் அதோடு சேர்ந்து தளர்ந்தது. 1856இல் ஆளுநர் ஹென்றி வோர்ட் காலத்தில் நீர்ப்பாசனச் சட்டம் கொண்டுவந்து, ஊர்ப் பழைய வழக்கத்துக்கு மறுபடியும் சட்டபலம் கொடுக்க வேண்டியதாயிற்று. இடையில் கழிந்த காலத்தில் வன்னியின் எத்தனையோ குளங்கள் காட்டுக்குள் போய்விட்டன. பிறகு வந்த அதிகாரிகள் அந்தக் காட்டைப் பார்த்துவிட்டு ஆளில்லாத நிலம் என்று எழுதினார்கள். அந்த எழுத்தை நம்பித்தான் இருபதாம் நூற்றாண்டில் குடியேற்றத் திட்டங்களும் வகுக்கப்பட்டன. வன்னியின் வெறுமை இயற்கையானதல்ல. கச்சேரிகள் மாறிமாறித் திறந்து மூடிய காலத்தில் உண்டான வெறுமை அது.

நாகலின் மாவட்டம் பெயரை மாற்றி மாற்றித் திரும்பி வந்துகொண்டிருந்தது. ஆங்கிலேயர் வன்னிக்கென்று கலெக்டரை வைத்தார்கள். மகாவம்சத்தை மொழிபெயர்த்த ஜோர்ஜ் டேர்னரின் தந்தை அந்தப் பதவியில் இருந்தவர். 1833இல் நாட்டை ஐந்து மாகாணமாக்கியபோது வன்னி வட மாகாணத்துக்குள் அடங்கியது. அப்போது வடக்கில் இருந்த நுவரகலாவிய 1873இல் பிரிந்து வடமத்திய மாகாணமாயிற்று. 1895இல் ஜே. பி. லூயிஸ் வன்னி மாவட்டங்களைப் பற்றித் தடித்த கைநூல் ஒன்றை வெளியிட்டார். ஒரு நிர்வாக அதிகாரி எழுதிய நூல் என்றாலும் வன்னியைப் பற்றி எழுதும் யாரும் இன்றுவரை அதைத் தாண்டிப் போக முடியவில்லை. சுதந்திரத்துக்குப் பிறகு 1978இல் முல்லைத்தீவு மறுபடியும் தனி மாவட்டம், 1984இல் கிளிநொச்சி. மன்னார், வவுனியா, முல்லைத்தீவு மூன்றும் சேர்ந்து பாராளுமன்றத் தேர்தலுக்கு இன்றும் வன்னி என்ற ஒரே தொகுதி, ஆறு ஆசனம்.

வெள்ளவத்தையில் எங்கள் அடுக்குமாடியில் முள்ளியவளைக்காரர் ஒருவர் இருக்கிறார். பிள்ளைகள் கனடாவில், பெரியவர் இங்கே தனியே. அவருடைய பிறப்புப் பத்திரத்தில் வவுனியா மாவட்டம், அடையாள அட்டையில் முல்லைத்தீவு மாவட்டம். ஒருமுறை ஓர் அலுவலகத்தில் இரண்டும் ஏன் வேறுபடுகிறது என்று கேட்டு நாள் முழுக்க இருத்திவைத்தார்களாம்.

“என்ன அண்ணை சொன்னியள்?” என்று கேட்டேன்.

“தம்பி, நான் பிறந்த வளவிலதான் ஐம்பது வரியம் இருந்தனான். நான் எங்கயும் போகேல்ல, மாவட்டம்தான் என்னை விட்டுப் போனது எண்டு சொன்னன். அந்தப் பெடியனுக்கு விளங்கேல்ல.”

அந்த அலுவலகத்துப் பெடியனைக் குறை சொல்வதற்கில்லை. அடையாள அட்டையில் எந்த மாவட்டம் என்பது கொழும்பில் நீண்ட காலம் உயிர்ப் பிரச்சினையாக இருந்தது. 2007 யூன் 7 அதிகாலையில் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, புறக்கோட்டை லொட்ஜுகளுக்குள் பொலிஸ் புகுந்தது. வெளிநாடு போக வந்தவர்கள், வைத்தியத்துக்கு வந்தவர்கள், வேலை தேடி வந்தவர்கள் எல்லோரையும் எழுப்பி பஸ்ஸில் ஏற்றி வவுனியாவுக்கும் கிழக்குக்கும் அனுப்பினார்கள். முந்நூற்றெழுபதுக்கும் மேற்பட்டவர்கள். கொழும்பில் இருக்கத் தகுந்த காரணம் இல்லை, சொந்த மாவட்டத்துக்குப் போ என்பதுதான் சொல்லப்பட்ட காரணம். மாற்றுக் கொள்கைகளுக்கான நிலையம் வழக்குப் போட, மறுநாள் புதுக்கடையில் உயர் நீதிமன்றம் தடையுத்தரவு கொடுத்தது. பிரதமர் ரத்னசிறி விக்கிரமநாயக்க வருத்தம் தெரிவித்தார். ஒரு மனிதனை அவன் மாவட்டத்தோடு கட்டிவைத்து, அந்த மாவட்டத்துக்கு வெளியே அவனைச் சந்தேகிக்கும் பழக்கத்தின் வேர் வன்னியைப் பொறுத்தவரை நாகலின் காலத்துக்குப் போகிறது. வரி கொடுக்க வேண்டியவன் எந்த ஊரில் நிற்க வேண்டுமோ அந்த ஊரில் நிற்க வேண்டும் என்பது அந்த ஆட்சியின் அடிப்படை.

இந்த இடத்தில் நிறுத்தியிருந்தால் கச்சேரி என்பது கொடியது என்று எழுதி முடித்துவிடலாம். 2008இலும் அதன் பிறகும் நடந்தது அப்படி முடிக்க விடவில்லை.

இறுதிப் போர் நெருங்க, 2008 செப்டெம்பரில் ஐ.நா. நிறுவனங்கள் கிளிநொச்சியை விட்டு வெளியேறின. அதன் பிறகு வன்னிக்குள் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று எண்ணியது கச்சேரிதான். கிராம அலுவலர்கள் குடும்பம் குடும்பமாக நிவாரணப் பதிவு வைத்திருந்தார்கள். இடம்பெயர்ந்து இடம்பெயர்ந்து, ஷெல் விழும் இடத்திலும் அந்தப் பட்டியலைத் திருத்தி எழுதினார்கள். அடுத்த ஆண்டுத் தொடக்கத்தில் உள்ளே மூன்று இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இருக்கிறார்கள் என்று முல்லைத்தீவுக் கச்சேரியிலிருந்து அறிக்கை வந்தது. கொழும்பு அதை ஏற்கவில்லை, மிகக் குறைந்த தொகையையே சொன்னது. உணவும் மருந்தும் அந்தக் குறைந்த தொகைக்கே அனுப்பப்பட்டன என்பதை ஐ.நா. செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழு 2011 அறிக்கையில் பதிவு செய்தது.

2011 சனவரி 8இல் மன்னார் ஆயர் இராயப்பு ஜோசப் ஆண்டகை, கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் சாட்சியம் அளித்தார். அவர் உணர்ச்சியை முன்வைக்கவில்லை, கச்சேரியின் கணக்கை முன்வைத்தார். 2008 ஒக்டோபரில் வன்னியில் இருந்தவர்கள் 4,29,059 பேர். அரச கட்டுப்பாட்டுப் பகுதிக்கு வந்து சேர்ந்தவர்கள் 2,82,380 பேர். மீதி 1,46,679 பேருக்கு என்ன நடந்தது என்று கேட்டார். அந்தக் கேள்விக்குப் பதில் வரவில்லை. 2021இல் அவர் மறைந்தார்.

அந்தத் தொகை முழுவதும் இறந்தவர்களா என்று இன்றும் வாதிடுகிறார்கள். ஆயர் அப்படிச் சொல்லவுமில்லை. அவர் கேட்டது கணக்குக் கேள்வி: உங்கள் அரசின் கச்சேரி எண்ணிய மனிதர்கள் எங்கே? வரி தண்டுவதற்காகப் பேரரசு கொண்டுவந்த எண்ணிக்கை, கடைசியில் எண்ணப்பட்டவர்களின் பக்கம் நின்று சாட்சி சொன்னது. அதைச் செய்தவர்கள் மாவட்டத்தை உண்டாக்கிய அந்நியர்கள் அல்ல. முல்லைத்தீவிலும் கிளிநொச்சியிலும் பிறந்து, அந்தக் கச்சேரிகளில் லிகிதராகவும் கிராம அலுவலராகவும் வேலை பார்த்து, பங்கருக்குள் இருந்து பேரேடு எழுதிய ஊர்க்காரர்கள். நாகலின் பாதையில் வாய் திறக்க இடமில்லாதிருந்த மக்கள் இவர்கள் கையெழுத்தில்தான் முதன்முதலாகத் தங்களைப் பற்றித் தாங்களே மேலே எழுதினார்கள்.

ஒல்லாந்தர் கால ஆவணங்கள் கொழும்பில் தேசிய சுவடிகள் திணைக்களத்தில் ஈரமும் பூச்சியும் அண்டாதபடி பேணப்படுகின்றன. பேணத்தான் வேண்டும். அவற்றை வாசிக்கத் தெரிந்த தமிழ் ஆய்வாளர் நம்மிடையே மிகச் சிலரே. பல்கலைக்கழக வரலாற்றுத் துறைகள் பழைய ஒல்லாந்த மொழியில் இரண்டு மூன்று மாணவர்களையாவது பயிற்றாவிட்டால், வன்னி மாவட்டமான அந்தப் பத்தாண்டை நாம் என்றும் ஆங்கிலேயர் கண்ணால்தான் பார்ப்போம். அதைவிட அவசரமான வேலை 2008, 2009 நிவாரணப் பதிவேடுகள். அந்தக் கையெழுத்துப் பட்டியல்களில் வீட்டுத் தலைவர் பெயர், அங்கத்தவர் தொகை, எந்த ஊரிலிருந்து எந்த ஊருக்கு என்பதெல்லாம் இருந்தன. தாள்களாகவோ பிரதிகளாகவோ அவற்றை வைத்திருப்பவர்களிடமிருந்து சேகரித்து, நாகலின் அறிக்கைக்குக் கொடுத்த அதே இடத்தை அவற்றுக்கும் அதே கட்டடத்தில் கொடுக்க வேண்டும். எழுதிய கிராம அலுவலர்களில் பலர் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். சிலர் ஓய்வுபெற்று வெள்ளவத்தைக்கும் கொட்டாஞ்சேனைக்கும் வந்துவிட்டார்கள். அவர்களிடம் கேட்டு எழுதிவைக்கும் வேலையை இந்த ஆண்டே தொடங்கலாம்.